ஒரு படி தவிடு

என் மகனை ஒரு படி தவிட்டுக்கு அண்ணனுக்குக் கொடுத்தேன். அப்போது அவன் பிறந்து முப்பத்தொரு நாள். பெற்றவளிடம் கேட்கவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு சொல்லலாம் என்று வைத்தால் வேறு மாதிரி சொல்லிவிடுவேன்.

அண்ணன் எனக்குப் பன்னிரண்டு வயது மூத்தவர். அப்பா செத்தபோது எனக்கு ஏழு வயது. அண்ணன்தான் என்னையும் ஆத்தாவையும் ராமநாதபுரம் பக்கத்திலிருந்து கண்டிக்குக் கூட்டி வந்தார். அங்கே திருகோணமலை வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் அவருக்குக் கடை. அரிசி, கருவாடு, மிளகாய், மாட்டுக்குத் தவிடு, புண்ணாக்கு. என்னை இரண்டாம் வகுப்பு வரை படிக்க வைத்தார். அதற்கு மேல் எனக்கு ஏறவில்லை. கடையில் நின்றேன்.

மதினி எங்கள் வீட்டுக்கு வந்தபோது எனக்குப் பத்து வயது. மழையில் நனைந்து வந்தால் தலை துவட்டிவிடுவார். எனக்குக் காய்ச்சல் வந்தால் அவர் சாப்பிட மாட்டார். எனக்குக் கல்யாணம் ஆகும் வரை அவர் கைச் சோறுதான். இதையும் சொல்ல வேண்டும்.

மதினிக்கு மூன்று பிள்ளைகள். மூன்றும் பெண். மூன்றாவது பிரசவம் ஆஸ்பத்திரியில். இனிப் பிள்ளை தங்காது என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

அன்றிலிருந்து ஆத்தா ஆரம்பித்தது. சோறு போட்டு வைத்தால் கை வைக்காமல் உட்கார்ந்திருக்கும்.

"மூணும் பொட்டையாப் பெத்து வச்சிருக்கா. நாளைக்கு எம்மவனுக்குக் கொள்ளிச்சட்டி தூக்குறது யாரு? கடையில மூட்டை தூக்குறானே, அவனா?"

"சும்மா கிட ஆத்தா," என்பார் அண்ணன்.

"நான் கிடக்கேன். நீ கிடக்கும்போதுதான் தெரியும்."

முதல் வருஷம் அண்ணன் சத்தம் போட்டார். இரண்டாம் வருஷம் மெல்லச் சொன்னார். மூன்றாம் வருஷம் ஒன்றும் சொல்லவில்லை. தலையைக் குனிந்து சாப்பிட்டார்.

அப்புறம் ஒரு நாள் ஆத்தாவும் அண்ணனும் ரயிலேறி நாவலப்பிட்டி போனார்கள். அங்கே ஒரு கடைக்காரர் வீட்டில் பெண் இருந்தது. திரும்பி வந்தபோது ஆத்தாவின் மடியில் வெற்றிலை பாக்கு இருந்தது. பேசி முடித்துவிட்டார்கள் என்று அர்த்தம்.

மறுநாள் மதினி கடைக்குப் பின்னால் வந்தார். நான் மூட்டை அடுக்கிக்கொண்டிருந்தேன்.

"தம்பி, அந்தப் பொண்ணுக்குப் பதினாறு வயசாம். நம்ம மூத்தவளுக்குப் பதிமூணு."

நான் அடுத்த மூட்டையைத் தூக்கினேன்.

"அவ வந்தா நான் அவளுக்கும் சோறாக்கணும். ஆக்குறேன். ஆனா எம் பொண்ணுங்களை யாரு பாப்பா?"

"நான் என்ன செய்ய மதினி?"

"உங்களுக்கு இப்பப் பொறந்திருக்கிறதை எங்களுக்குக் குடுத்துருங்க. அவருகிட்டயும் அத்தைகிட்டயும் பேசிட்டேன். ஆண் பிள்ளை வந்தாப் போதும், நாவலப்பிட்டியை விட்டுர்றேன்னு சொல்லிட்டாரு."

காலைத் தொடக் குனிந்தார். நான் ஒதுங்கிக்கொண்டேன். தலை துவட்டின கை அது. "சரி மதினி" என்றேன். அவ்வளவு சீக்கிரம் சொல்லியிருக்கக் கூடாது. ஒரு நாளாவது யோசித்திருக்கலாம்.

எங்களுக்கு முதலில் ஒரு பெண். அப்போது அவளுக்கு ஐந்து வயது. அதற்குப் பின் இரண்டு ஆண். முதலாவது நாற்பதாம் நாள் போய்விட்டது. இரண்டாவது ஏழு மாதத்தில் வயிற்றோட்டத்தில் போனது. மூன்றாவது இவன். என் மனைவி இவனை யாருக்கும் காட்டவில்லை. கன்னத்தில் பொட்டு, காலில் பொட்டு, கையில் கறுப்புக் கயிறு. தூங்கும்போது மூக்கின் கீழே விரலை வைத்து மூச்சு வருகிறதா என்று பார்ப்பாள். ஒரு நாளைக்குப் பத்துத் தரம் பார்ப்பாள்.

கேட்டால் அவள் கொடுக்க மாட்டேன் என்று சொல்வாள். அது எனக்குத் தெரியும். அதனால்தான் கேட்கவில்லை.

வழி சொன்னது ஆத்தா. எங்கள் பக்கத்தில், பிள்ளைகள் தங்காத வீட்டில் பிறந்த பிள்ளையைச் சுளகில் போட்டுத் தவிட்டுக்கு விற்பார்கள். தவிடு கொடுத்து வேறொருத்தி வாங்கிக்கொள்வாள். மூன்றாம் நாள் பெற்றவள் அதே தவிட்டைத் திருப்பிக் கொடுத்துப் பிள்ளையை வாங்கி வந்துவிடுவாள். பிள்ளை இன்னொருத்தியுடையது என்று நினைத்து எமன் போய்விடுவான். சும்மா ஒரு சடங்கு. எங்கும் நடப்பது.

"விக்கிறதா சொல்லு," என்றது ஆத்தா. "மூணாம் நாளு பாத்துக்கிடலாம்."

மனைவியிடம் சொன்னேன். சந்தோஷப்பட்டாள். அதைத்தான் என்னால் இன்றைக்கும் நினைக்க முடியவில்லை.

"இதை மொதப் பிள்ளைக்கே செஞ்சிருக்கலாம்லங்க? எனக்கு யாரும் சொல்லலியே. யாரு வாங்குறது?"

"மதினி."

"அக்காவா? நல்லது. ராசியான கை. மூணும் தங்கியிருக்குல்ல."

சுளகை அவளே கழுவிக் காய வைத்தாள். முற்றத்தை அவளே கூட்டினாள். தவிடு கடையிலிருந்து வந்தது. நான்தான் மூட்டையைப் பிரித்து ஒரு படி அளந்து மதினி கையில் கொடுத்தேன். தலைதட்டி அளந்தேன். எந்த வாடிக்கைக்காரருக்கும் அளப்பது போல.

காலை ஒன்பது மணி இருக்கும். பிள்ளையைச் சுளகில் போட்டுக்கொண்டு அவள் நின்றாள். மதினி எதிரே நின்றார். இந்தச் சடங்கில் பேரம் பேச வேண்டும். பெற்றவள் பிள்ளையை மட்டமாகப் பேச வேண்டும். அப்போதுதான் எமன் நம்புவான்.

மதினி வாய் திறக்கவில்லை.

"பேசுடி," என்றது ஆத்தா.

"இதுக்கு... ஒரு படி அதிகம்," என்றார் மதினி.

என் மனைவிதான் விளையாட்டாகப் பேசினாள். "அதிகம்தாங்க. கறுப்புப் பய. சப்பை மூக்கு. அழுகுணி. எனக்கு வேண்டவே வேண்டாம். அரைப் படி குடுத்தாக்கூட போதும், கொண்டு போயிருங்க."

சிரித்துக்கொண்டே சொன்னாள். மகளும் பக்கத்தில் நின்று சிரித்தாள். "தம்பி ஒண்ணுக்கு இருந்துருவான், அதையும் சொல்லும்மா," என்றாள்.

மதினி தவிட்டை அவள் மடியில் கொட்டினார். அவள் சுளகை நீட்டினாள். மதினி பிள்ளையை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போய்விட்டார். அண்ணன் குடும்பம் மாடியில். நாங்கள் கீழே, கடைக்குப் பின்னால். பிள்ளை அழுதால் எங்களுக்குக் கேட்கும்.

மூன்று நாளும் மனைவி மாடி ஏறிப் பால் கொடுத்துவிட்டு வந்தாள். சடங்குப்படி அந்த மூன்று நாள் அவள் தாய் இல்லை. பால் கொடுக்க வந்தவள். அவளும் அதை ஒழுங்காகச் செய்தாள். "உங்க பிள்ளைக்குப் பசிக்குதாங்க்கா?" என்று கேட்டுக்கொண்டே படி ஏறுவாள்.

அந்த மூன்று நாளில் நான் ஒரு காரியம் செய்தேன். பிறப்புப் பதியும் கந்தோருக்குப் போனேன். தகப்பன் பெயர் கேட்டார்கள். அண்ணன் பெயரைச் சொன்னேன். தாய் பெயர் கேட்டார்கள். மதினி பெயரைச் சொன்னேன். நீ யார் என்று கேட்டார்கள். சித்தப்பா என்றேன். எழுதிக்கொண்டு கையெழுத்து வாங்கினார்கள். எனக்குக் கையெழுத்துப் போட மட்டும் நன்றாக வரும்.

மூன்றாம் நாள் அவள் தலை முழுகினாள். பூ வைத்தாள். மடியில் வாங்கின தவிட்டை அப்படியே சுளகில் வைத்திருந்தாள். அதைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறினாள். நான் பின்னால் போனேன். அண்ணன் வீட்டில் இல்லை. வேண்டுமென்றே அம்பிட்டியவுக்கு வீடு பார்க்கப் போய்விட்டார்.

"என் பிள்ளையை வாங்க வந்திருக்கேன்," என்றாள் வாசலில் நின்று.

ஆத்தா கேட்டது, "எந்தப் பிள்ளை?"

அதுவும் சடங்கு என்று நினைத்தாள். "அதான், அந்தக் கறுப்புப் பிள்ளை. சப்பை மூக்கு."

"அது வித்தாச்சு."

"சரிங்கத்தை. வேணும்னா ஒண்ணரைப் படியாத் தர்றேன்." மறுபடியும் சிரித்தாள்.

"ஒம்போது படி குடுத்தாலும் இல்லை. வித்தது வித்ததுதான். அது இனி இந்த வீட்டுப் பிள்ளை."

அவள் மதினியைப் பார்த்தாள். மதினி பிள்ளையை மார்போடு பிடித்துக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பி அழுதுகொண்டிருந்தார். அப்போதுதான் சிரிப்பு நின்றது. என் பக்கம் திரும்பினாள்.

"என்னங்க?"

நான் என்ன சொல்லியிருக்கலாம் என்று இத்தனை வருஷமாக யோசித்திருக்கிறேன். நிறைய இருக்கிறது. அன்று நான் சொன்னது ஒரு வார்த்தை.

"இருக்கட்டும்."

அவள் சுளகைக் கீழே போடவில்லை. கத்தவில்லை. தவிடு சிந்தாமல் படி இறங்கினாள்.

மறுநாள் மத்தியானம் சாப்பிடப் போனேன். தட்டில் சோறு இல்லை. கறுப்பாக இரண்டு ரொட்டி இருந்தது. தவிட்டு ரொட்டி. உப்புப் போட்டுப் பிசைந்து சுட்டிருந்தாள்.

"என்ன இது?"

"சுளகுல கெடந்தது. வீணாக்கக் கூடாதுல்ல. சாப்பிடுங்க."

மகள் எட்டிப் பார்த்தாள். "எனக்கும் குடும்மா."

"உனக்கு இல்ல. அப்பாவுக்கு."

சாப்பிட்டேன். தொண்டையில் இறங்காது அது. தண்ணீர் குடித்துக் குடித்து இறக்கினேன். அவள் எதிரே உட்கார்ந்து, நான் முடிக்கும் வரை பார்த்தாள். ஒரு படி தவிடு நாலு நாள் வந்தது. நாலு நாளும் சாப்பிட்டேன்.

ஏழு மாதம் அவள் மாடி ஏறிப் பால் கொடுத்தாள். கொடுக்காமல் இருந்திருக்கலாம். பிள்ளை அழுதால் இருக்க முடியாது. ஆத்தா அதற்கும் சட்டம் வைத்தது. கொடுக்கும்போது பிள்ளையோடு பேசக் கூடாது. முந்தானையால் பிள்ளை முகத்தை மூடிக்கொள்ள வேண்டும். முகம் பழகிவிடுமாம். மூடிக்கொண்டுதான் கொடுத்தாள். இதை மதினி சொல்லித்தான் எனக்குத் தெரியும். நான் மேலே போய்ப் பார்க்கவில்லை.

பிள்ளை கஞ்சி குடிக்கத் தொடங்கியதும் அண்ணன் அம்பிட்டியவுக்கு வீடு மாறினார். கடைக்குக் காலையில் வருவார், மாலையில் போவார். நாவலப்பிட்டிப் பெண்ணை வேறு எங்கோ கட்டிக் கொடுத்தார்கள். மதினி முகத்தில் மறுபடி சதை வைத்தது. ஆத்தா பேரனைப் பார்த்து இரண்டு வருஷம் இருந்து செத்தது. எல்லாருக்கும் நினைத்தது நடந்தது.

எங்களுக்கு அதற்குப் பின் பிள்ளை இல்லை. அவள் என்னோடு பேசாமல் இருந்தாள் என்று சொன்னால் பொய். பேசினாள். சோறு போட்டாள். ஆனால் ஒன்றும் கேட்க மாட்டாள். இது வாங்கி வாருங்கள், அது எங்கே, ஏன் நேரமாயிற்று, எதுவும் கிடையாது. என்னிடம் கேட்டுப் பெறுவதையே விட்டுவிட்டாள்.

பையன் வளர்ந்தான். லீவு நாளில் அண்ணனோடு கடைக்கு வருவான். கறுப்புத்தான். மூக்கும் அவள் மூக்குத்தான். வந்ததும் கடைக்குப் பின்னால் ஓடிவிடுவான். என்னைச் சித்தப்பா என்பான். அவளைச் சின்னம்மா என்பான். அவள் அவனுக்கென்று எதுவும் தனியாகச் செய்து வைக்க மாட்டாள். இருப்பதைக் கொடுப்பாள். அவனைத் தொட மாட்டாள். மகள்தான் தம்பி தம்பி என்று தூக்கித் திரிவாள். அந்த முறையில் தம்பிதானே, யாரும் ஒன்றும் சொல்ல முடியாது.

ஆறு வயதில் ஒரு நாள் வந்து கேட்டான்.

"சின்னம்மா, அக்காங்க என்னைத் தவிட்டுக்கு வாங்கினதுன்னு சொல்றாங்க."

நான் கதவுக்கு இந்தப் பக்கம் நின்றேன்.

"எல்லாப் பிள்ளையையும் அப்படித்தான்டா கேலி பண்ணுவாங்க," என்றாள்.

"உங்களையும் தவிட்டுக்கு வாங்கினாங்களா?"

"என்னையா? எனக்கு அதுகூட யாரும் குடுக்கல."

அவன் விழுந்து விழுந்து சிரித்தான். அவளும் சிரித்தாள். நான் கடைக்குள் போய்விட்டேன்.

ஊரெங்கும் மலேரியாக் காய்ச்சல் வந்த வருஷம் அவளுக்கும் வந்தது. கொயினா மருந்து கொடுத்தார்கள். குறைந்தது, மறுபடி வந்தது. மூன்றாம் தரம் வந்தபோது எழுந்திருக்கவில்லை. பையனுக்கு அப்போது எட்டு வயது முடிந்திருந்தது. ஒரு நாள் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன்.

"கூட்டி வரச் சொல்லவா?"

"யாரை?"

"பையனை."

கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். "உங்க அண்ணன் மகனுக்குக் காய்ச்சக்காரி வீட்டுல என்ன வேலை? ஒட்டிக்கப் போகுது. வேண்டாம்."

காய்ச்சல் ஒட்டாது என்று டாக்குத்தர் சொல்லியிருந்தார். அதை அவளிடம் சொன்னேன். திரும்பிப் படுத்துக்கொண்டாள். நான் கேட்காமலே கூட்டி வந்திருக்கலாம். அவளைக் கேட்காமல் ஒரு காரியம் செய்யத் தெரிந்தவன்தானே நான். அன்று மட்டும் கேட்டுவிட்டு, அவள் வேண்டாம் என்றதும் விட்டுவிட்டேன்.

இரண்டு நாளில் போய்விட்டாள்.

அண்ணன், மதினி, பிள்ளைகள் எல்லாரும் காலையிலேயே வந்துவிட்டார்கள். சடங்கு செய்ய வந்த ஆள் கட்டுகஸ்தோட்டைக்காரர். எங்களுக்குப் புதியவர். உடம்பைக் குளிப்பாட்டக் கிணற்றிலிருந்து குடத்தில் தண்ணீர் எடுத்து வர வேண்டும். நீர்மாலை என்போம். அதை மகன் எடுப்பது முறை. எடுத்தவன்தான் கொள்ளியும் வைப்பான்.

"நீர்மாலைக்கு நேரமாச்சு. மகன் யாரு? முன்னால வாங்க," என்றார் அவர்.

முற்றத்தில் இருந்தவர்களில் பாதிப் பேருக்கு விஷயம் தெரியும். அண்ணன் வாசலில் கதிரை போட்டு உட்கார்ந்திருந்தார். துண்டை இந்தத் தோளிலிருந்து அந்தத் தோளுக்கு மாற்றினார்.

"மகன் இல்லையா?"

தலைமாட்டில் இருந்த மதினி எழுந்தார். பையனின் தோளைப் பிடித்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

"தம்பி, நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் அனுப்புறேன். அவரு கோவிச்சா நான் பாத்துக்கிறேன். அவ கடனாவது தீரட்டும்."

பையனுக்கு ஒன்றும் புரியவில்லை. தண்ணீர் எடுக்க ஆள் தேடுகிறார்கள் என்று மட்டும் புரிந்தது.

"நான் தூக்குவேன் சித்தப்பா. எங்க வீட்டுக் கெணத்துல நான்தான் எறைப்பேன்," என்றான்.

அண்ணன் கதிரையில் இருந்தபடியே என்னைப் பார்த்தார். என்னைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டுப் போகும்போது பார்ப்பாரே, அந்தப் பார்வை.

"வேண்டாம் மதினி," என்றேன். "அவனுக்கு அப்பா அம்மா இருக்காங்க. நான் எடுக்கிறேன்."

பையன் மனசு நோகக் கூடாது என்றுதான் சொன்னதாக அன்று நினைத்துக்கொண்டேன். அது உண்மை இல்லை. அண்ணன் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். அவ்வளவுதான்.

மதினி பையன் தோளிலிருந்து கையை எடுக்காமல் அப்படியே கீழே உட்கார்ந்தார். மகள் குடத்தைக் கொண்டுவந்து கொடுத்தாள். அவளுக்கு அப்போது பதிமூன்று வயது. சுளகு நீட்டினதும் அவளுக்கு ஞாபகம் இருக்கும், ரொட்டியும் ஞாபகம் இருக்கும். குடத்தை என் கையில் வைத்தாள். முகத்தைப் பார்க்கவில்லை.

தண்ணீர் எடுத்தேன். மகியாவையில் இருக்கும் மயானத்தில் கொள்ளியும் நானே வைத்தேன். பிள்ளை பெறாதவளுக்கு வைப்பது போல. பையன் அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு தூரத்தில், சித்தப்பன் வீட்டுச் சாவுக்கு வந்த பிள்ளைகள் நிற்கும் இடத்தில் நின்றான். சிதை பற்றியதும் "சுடுமா அப்பா?" என்று கேட்டது எனக்குக் கேட்டது. அண்ணன் என்ன சொன்னார் என்று கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்து குளித்தோம். அண்ணன் வீட்டார் புறப்பட்டார்கள். பையன் வாசல் வரை போய்த் திரும்பி, என்னைப் பார்த்து வாய் திறந்தான். மதினி அவன் வாயில் கை வைத்தார்.

"சாவு வீட்டுல சொல்லிக்கிட்டுப் போகக் கூடாது."

சொல்லாமல் போனான். சொல்லியிருந்தாலும், போயிட்டு வாறேன் சித்தப்பா என்றுதான் சொல்லியிருப்பான்.